பவர் பத்திரத்தில் வைத்த அடமானம்: கையெழுத்துப் போடாத உம்மாவின் பங்கு ஏலத்துக்குப் போகுமா?

வங்கியின் நோட்டீஸ் வீட்டுக் கதவில் ஒட்டப்பட்ட பிறகுதான் பல குடும்பங்களுக்கு விஷயமே தெரிய வருகிறது. வாப்பா வாங்கிப்போட்ட நிலம். அவர் வஃபாத்தாகிச் சில வருடங்கள் ஆகிவிட்டன. ஒரு மகன் துபாயில், ஒரு மகன் ஊரில். மகள் கட்டிக்கொடுத்த இடத்தில் இருக்கிறார். உம்மா அந்த வீட்டிலேயே இருக்கிறார். ஊரில் இருக்கும் மகன் கையில் ஒரு பவர் பத்திரம். அதை வைத்து முழுச் சொத்தையும் அடமானமாகக் காட்டித் தன் தொழிலுக்குக் கடன் வாங்கியிருக்கிறார். தொழில் படுத்துவிட்டது, தவணை நின்றுவிட்டது. "நான் எங்கேயும் கையெழுத்துப் போடலையேப்பா" என்கிறார் உம்மா. அந்த ஒரு வரிக்குச் சட்டத்தில் என்ன மதிப்பு என்பதைத்தான் இங்கே பார்க்கப்போகிறோம்.

இது ஒரு தனிக் குடும்பத்தின் கதை அல்ல, எங்கும் காணப்படும் அமைப்பு. ஆனால் கோவளம் முதல் மாமல்லபுரம், சதுரங்கப்பட்டினம், புதுப்பட்டினம் வரையிலான கரையோரத்தில் இதற்கு வேகம் அதிகம். ஒரு காலத்தில் சவுக்குத் தோப்பாகக் கிடந்த நிலத்தைக் கிழக்குக் கடற்கரைச் சாலை விலை உயர்ந்த சொத்தாக ஆக்கிவிட்டது. உரிமையாளர்களில் பாதிப் பேர் வளைகுடாவிலோ சென்னையிலோ இருப்பார்கள். போதாக்குறைக்கு மாவட்டத்தின் பெயரே மாறிக்கொண்டு வந்திருக்கிறது. பழைய பத்திரத்தில் செங்கல்பட்டு ஜில்லா, பிறகு செங்கை எம்.ஜி.ஆர். மாவட்டம், 1997-க்குப் பின் காஞ்சிபுரம் மாவட்டம், 2019 நவம்பர் 29 முதல் மீண்டும் செங்கல்பட்டு மாவட்டம். சார்பதிவாளர் அலுவலக எல்லைகளும் காலப்போக்கில் மாறுகின்றன. எனவே வில்லங்கச் சான்று எடுக்கும்போது நிலம் இப்போது சேர்ந்திருக்கும் அலுவலகத்தோடு நிறுத்திவிடக் கூடாது. முன்பு எந்த அலுவலகத்தில் இருந்தது என்று கேட்டு, அங்குள்ள பதிவுகளையும் பார்க்க வேண்டும்.

பவர் பத்திரம் என்பது மார்க்கச் சட்டத்தில் நாம் 'வகாலத்' என்று அறிந்திருப்பதுதான். தன் காரியத்தைச் செய்ய இன்னொருவரை வக்கீலாக நியமிப்பது. சொத்து கைமாறுவதில்லை, காரியம் செய்யும் அதிகாரம் மட்டுமே கைமாறுகிறது. 2011-ல் சூரஜ் லாம்ப் வழக்கில் உச்சநீதிமன்றம், பவர் பத்திரத்தால் சொத்துரிமை மாறாது என்று தெளிவாகச் சொல்லிவிட்டது. ஆகவே பவர் ஏஜென்ட் வைத்த அடமானத்தை எதிர்த்து வழக்கு வரும்போது நீதிமன்றம் முதலில் பார்ப்பது மூன்று விஷயங்களை. பவர் பத்திரம் உண்மையா? உண்மை என்றால் அதில் அடமானம் வைக்கும் அதிகாரம் இருக்கிறதா? அதுவும் இருந்தால், கொடுத்தவர் எவ்வளவு சொத்துக்கு உரிமையாளர், அடமானம் வைத்த நாளில் அவர் உயிரோடு இருந்தாரா?

நம் மக்கள் பெரும்பாலும் முதல் கேள்வியிலேயே நின்றுவிடுகிறார்கள். "அது போலிப் பத்திரம்" என்று வழக்குப் போட்டால்தான் ஜெயிக்கும் என்று நினைக்கிறார்கள். உண்மையில் போலி என்று நிரூபிப்பதுதான் மிகக் கடினம். பதிவான பத்திரத்தில் புகைப்படம், கைரேகை, சாட்சிகள் எல்லாம் இருக்கும். நோட்டரி முன்போ இந்தியத் தூதரகத்திலோ சான்று பெற்ற பவர் பத்திரம் முறையாக எழுதப்பட்டது என்று சட்டமே ஊகித்துக்கொள்ளும். பழைய சாட்சியச் சட்டத்தின் 85-ஆம் பிரிவில் இருந்த இந்த ஊகம் 2024 ஜூலையில் அமலுக்கு வந்த புதிய சட்டத்திலும் தொடர்கிறது. அதை உடைக்கும் சுமை நம் தலையில் விழும். கையெழுத்து உண்மையாக இருக்கும்போது போலி என்று சொல்லி வழக்குப் போட்டால், நல்ல வழக்கும் கெட்டுப்போகும்.

இரண்டாவது கேள்விக்கு நம்மவர்கள் தரும் கவனம் குறைவு, ஆனால் வழக்கின் பலம் பல நேரம் அங்கேதான் இருக்கிறது. பவர் பத்திரத்தை நீதிமன்றங்கள் இறுக்கமாகப் படிக்கின்றன. எழுதியிருப்பதற்கு மட்டுமே அதிகாரம். கடைசியில் "மற்றும் என் சார்பாக எல்லாக் காரியங்களையும் செய்ய" என்று வரும் வரி, மேலே எழுதப்பட்ட காரியங்களுக்குத் துணையானதே தவிரப் புது அதிகாரம் தருவதில்லை. 1893-ல் லண்டன் பிரிவி கவுன்சில், கனடாவிலிருந்து வந்த பிரையன்ட் போவிஸ் வழக்கில் சொன்னதை இன்றுவரை நம் நீதிமன்றங்கள் பின்பற்றுகின்றன. அந்த வழக்கிலும் கடன் வாங்க அதிகாரம் இல்லாத ஏஜென்ட் கடன் வாங்கியதுதான் பிரச்சினை.

நமக்குப் பக்கத்திலேயே ஒரு வழக்கு உண்டு. சென்னை அடையாறு காந்தி நகரில் சர்ச் ஆஃப் கிறைஸ்ட் அறக்கட்டளைக்குச் சொந்தமான இடத்துக்கு, பவர் ஏஜென்ட் ஒருவர் பொன்னியம்மன் கல்வி அறக்கட்டளையுடன் விற்பனை ஒப்பந்தம் போட்டார். பவர் பத்திரத்தில் அப்படி ஓர் ஒப்பந்தம் போட அதிகாரம் எழுதப்பட்டிருக்கவில்லை. 2012 ஜூலையில் உச்சநீதிமன்றம் உரிமையாளருக்கு எதிரான அந்த வழக்கை, சாட்சி விசாரணைக்கே போகாமல் வாசலிலேயே நிராகரித்தது. கேரளாவின் தாமரச்சேரி மறைமாவட்ட வழக்கில் (2022) ஒரு சகோதரி இன்னொரு சகோதரிக்குக் கொடுத்த பவர். குத்தகைக்கு விடலாம், கடனுக்கு ஈடாகக் காட்டலாம் என்று இருந்தது. விற்கலாம் என்று இல்லை. நிலத்தை விற்றுவிட்டார்கள். விற்பனை செல்லாது என்றது உச்சநீதிமன்றம். வாங்கியவர்கள் "நம்பி வாங்கினோம்" என்று சொன்னதும் எடுபடவில்லை. பவர் பத்திரத்தின் பேரில் வாங்குகிறவர் அதைப் படித்துப் பார்த்திருக்க வேண்டும் அல்லவா?

இதைத் திருப்பிப் போட்டால் நம் விஷயம். 'விற்க அதிகாரம்' என்று எழுதியிருப்பதாலேயே 'அடமானம் வைக்க அதிகாரம்' உண்டு என்று ஆகிவிடாது. இன்னொன்றும் பார்க்க வேண்டும்: யாருடைய கடனுக்கு அடமானம்? ஏஜென்ட் செய்யும் காரியம் எழுதிக்கொடுத்தவரின் நன்மைக்காக இருக்க வேண்டும். தன் சொந்தத் தொழில் கடனுக்கோ மூன்றாம் நபரின் கடனுக்கோ ஈடு வைக்கலாம் என்று வெளிப்படையாக எழுதியிருக்காவிட்டால், எதிர்த்து வாதாட வலுவான இடம் இருக்கிறது.

இங்கே ஓர் எச்சரிக்கை. கடன் பணத்தில் ஒரு பகுதி துபாய் தம்பியின் கணக்குக்கு வந்திருந்தால், அல்லது அவர் விஷயம் தெரிந்தே இரண்டு தவணை கட்டியிருந்தால், அதிகாரம் இல்லாத காரியத்துக்கும் பின்னால் ஒப்புதல் தந்ததாக ஆகிவிடலாம். இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 197-ஆம் பிரிவு இதைச் சொல்கிறது. வாட்ஸ்அப்பில் "சரி பார்த்துக்கோ காக்கா" என்று அனுப்பிய ஒரு வரிகூட வங்கியின் வக்கீல் கையில் ஆவணமாகும்.

இனி மூன்றாவது கேள்வி. முஸ்லிம் குடும்பங்களுக்கு எல்லாவற்றையும்விட முக்கியமானது இதுதான்.

நம் வாரிசுச் சட்டத்தில் கூட்டுக் குடும்பச் சொத்து என்று ஒன்று இல்லை. மூத்த மகன் குடும்பத் தலைவர், அவர் கையெழுத்து எல்லோரையும் கட்டும் என்பதும் இல்லை. ஒருவர் கண்மூடிய அந்த நேரத்திலேயே அவர் சொத்து வாரிசுகளுக்குப் பங்கு பங்காகப் போய்ச் சேர்ந்துவிடுகிறது. பட்டா மாறாமல் இருக்கலாம், பாகப்பிரிவினை ஆகாமல் இருக்கலாம். பங்கு பங்குதான். ஒரு நூற்றாண்டுக்கு முன்பே சென்னை உயர்நீதிமன்றத்தின் முழு அமர்வு, அப்துல் மஜீத் கான் சாஹிப் எதிர் கிருஷ்ணமாச்சாரியார் வழக்கில், சொத்தைக் கையில் வைத்திருக்கும் ஒரு வாரிசு இறந்தவரின் கடனை அடைக்கவே விற்றாலும் அது மற்ற வாரிசுகளின் பங்கைக் கட்டுப்படுத்தாது என்று தீர்ப்பளித்தது. இறந்தவரின் கடனுக்கே அப்படி என்றால், உயிரோடிருக்கும் மகனின் தொழில் கடனுக்கு என்ன சொல்வது?

கணக்கோடு பார்த்தால் எளிது. வாப்பா 40 சென்ட் நிலம் விட்டுச் சென்றார், வாரிசுகள் மனைவி, இரண்டு மகன்கள், ஒரு மகள் என்று வைத்துக்கொள்வோம். மனைவிக்கு எட்டில் ஒரு பங்கு, அதாவது 5 சென்ட். மீதி 35 சென்ட், மகனுக்கு இரண்டு, மகளுக்கு ஒன்று என்ற கணக்கில் பிரியும். மகன்களுக்குத் தலா 14, மகளுக்கு 7. ஊரில் இருக்கும் மகனிடம் துபாய் தம்பி கொடுத்த பவர் இருக்கிறது, அதில் அடமான அதிகாரமும் இருக்கிறது. அவர் 40 சென்ட்டையும் அடமானம் வைத்தால் கட்டுப்படுவது அண்ணன் தம்பி இருவரின் 28 சென்ட் மட்டுமே. உம்மாவின் 5-ம் சகோதரியின் 7-ம் சேர்ந்த 12 சென்ட்டுக்கு அந்த அடமானம் ஒட்டாது. வாரிசுச் சான்றிதழில் பெண் பிள்ளையின் பெயரை விட்டுவிட்டு வாங்கியிருந்தாலும் அவருடைய பங்கு அழிவதில்லை. சான்றிதழ் உரிமையைத் தருவதும் இல்லை, பறிப்பதும் இல்லை.

இதே கணக்கில் ஒரு பிள்ளை மைனராக இருந்தால்? இமாம்பந்தி எதிர் முத்சத்தி வழக்கில் 1918-ல் பிரிவி கவுன்சில் சொன்னது இன்றும் சட்டம். முஸ்லிம் சட்டப்படி தாய் குழந்தையை வளர்க்கும் உரிமை உடையவர், ஆனால் மைனரின் அசையாச் சொத்துக்கு அவர் சட்டப்பூர்வ கார்டியன் அல்ல. நீதிமன்றத்தில் கார்டியனாக நியமனம் பெறாமல் "எனக்காகவும் என் மைனர் பிள்ளைகளுக்காகவும்" என்று தாய் எழுதிக்கொடுத்தால் பிள்ளைகளின் பங்கு அதில் கட்டுப்படாது. பெரியப்பா, மாமா, மூத்த அண்ணன் எழுதினாலும் அப்படித்தான். நம் பகுதியில் கணவரை இளம் வயதில் இழந்த பெண்களிடம் இப்படிப் பவர் வாங்குவது சர்வசாதாரணம் என்பதால் இதைச் சற்று அழுத்திச் சொல்கிறோம்.

எழுதிக்கொடுத்தவர் மரணமடைந்தால் பவர் முடிந்துவிடும். மார்க்கச் சட்டத்தில் வகாலத்துக்கும் இதே விதிதான். ஒப்பந்தச் சட்டத்தின் 201-ஆம் பிரிவும் அதையே சொல்கிறது. வாப்பா ஹஜ்ஜுக்குப் போகும் முன்பு மகனுக்குக் கொடுத்த பவரை, அவர் மவுத்துக்குப் பின் காட்டி அடமானம் வைத்தால் அது செல்லத்தக்கதல்ல. விதிவிலக்கு ஒன்று உண்டு. ஏஜென்ட்டுக்கே அந்தச் சொத்தில் ஓர் உரிமை ஏற்படுத்தப்பட்டு, அதைக் காக்கவே பவர் தரப்பட்டிருந்தால் அது மரணத்தால் முடியாது (202-ஆம் பிரிவு). ஆனால் 'ரத்து செய்ய முடியாத பவர்' என்று தலைப்பில் எழுதுவதால் மட்டும் அப்படி ஆகிவிடாது. 2025 பிப்ரவரியில் அனந்தமூர்த்தி எதிர் மஞ்சுளா என்ற பெங்களூர் வழக்கில் உச்சநீதிமன்றம், தலைப்பைப் பார்க்காமல் உள்ளடக்கத்தைப் பார்த்து, உரிமையாளர் இறந்த பிறகு பவர் ஏஜென்ட் எழுதிய கிரயத்தை ஏற்க மறுத்தது. சார்பதிவாளர் அலுவலகத்தில் பவர் ஏஜென்ட்டிடம் 'ஆயுள் சான்று' கேட்பது இதனால்தான். அடமானம் பதிவான தேதியையும் மரணச் சான்றிதழில் உள்ள தேதியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். சில வழக்குகள் அங்கேயே முடிவாகிவிடும்.

வெளிநாட்டில் எழுதப்பட்ட பவருக்கு இன்னொரு சோதனை இருக்கிறது. அது இந்தியாவுக்கு வந்து சேர்ந்த 3 மாதங்களுக்குள் இங்கே முத்திரைத் தீர்வை செலுத்தப்பட வேண்டும் (முத்திரைச் சட்டம், 18-ஆம் பிரிவு). உள்நாட்டில் எழுதப்படும் அசையாச் சொத்துப் பவரும், பத்திரங்களை ஒப்படைத்து வைக்கும் அடமானத்தின் எம்.ஓ.டி. ஆவணமும் தமிழ்நாட்டில் 2012 டிசம்பர் 1 முதல் கட்டாயப் பதிவுக்கு உட்பட்டவை. எனவே வங்கியிடம் எம்.ஓ.டி.யின் நகலையும், அதற்கு ஆதாரமாகக் காட்டப்பட்ட பவரின் பதிவு எண்ணையும் எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

சரி, எங்கே போவது? குடும்பங்கள் வழி தவறிப் போவது இந்த இடத்தில்தான்.

கடன் கொடுத்தவர் தனியார் ஃபைனான்சியர் என்றால் அவர் செங்கல்பட்டு சிவில் நீதிமன்றங்களில் வழக்குப் போட்டுத்தான் சொத்தைத் தொட முடியும். நாமும் அங்கேயே எதிர்க்கலாம். வங்கி என்றால் 2002-ஆம் ஆண்டின் சர்பாசி சட்டம் வருகிறது. அதன்கீழ் வங்கி நீதிமன்றம் போகாமலே சொத்தை எடுக்கலாம். முதலில் 60 நாள் அவகாசம் தரும் 13(2) நோட்டீஸ். அதற்கு ஆட்சேபம் அனுப்பினால் வங்கி 15 நாளில் பதில் தர வேண்டும். பிறகு 13(4)-ன்படி சுவாதீன நோட்டீஸ். கதவில் ஒட்டுவதும், தமிழ் நாளிதழ் உட்பட இரண்டு நாளிதழ்களில் விளம்பரம் செய்வதும் அப்போதுதான். அந்த நடவடிக்கையிலிருந்து 45 நாளுக்குள் சென்னையில் உள்ள கடன் வசூல் தீர்ப்பாயத்தில் 17-ஆம் பிரிவின்படி மனுப் போட வேண்டும். கடன் வாங்கியவர்தான் போட வேண்டும் என்பதில்லை, பாதிக்கப்பட்ட எவரும் போடலாம். உம்மாவும் சகோதரியும் போடலாம்.

உள்ளூர் சிவில் நீதிமன்றத்தில் போட முடியாதா என்று எல்லோரும் கேட்கிறார்கள். சர்பாசி சட்டத்தின் 34-ஆம் பிரிவு சிவில் நீதிமன்றத்துக்குத் தடை போடுகிறது. 2013-ல் ஜக்தீஷ் சிங் எதிர் ஹீராலால் வழக்கில், அடமானச் சொத்தில் தங்களுக்குப் பங்கு உண்டு என்று வந்த குடும்பத்தினரையும் உச்சநீதிமன்றம் தீர்ப்பாயத்துக்கே போகச் சொன்னது. 'மோசடி' என்ற சொல்லை மனுவில் தூவிவிட்டால் தடை விலகாது என்று 2021-ல் எலக்ட்ரோஸ்டீல் வழக்கில் சொன்னது. ஆனால் 2025 ஜனவரி 9-ல் சென்ட்ரல் பேங்க் ஆஃப் இந்தியா எதிர் பிரபா ஜெயின் வழக்கில் காற்று வேறு பக்கம் வீசியது. மத்தியப் பிரதேசத்தில் பிரிக்கப்படாத குடும்ப நிலத்தை உறவினர் ஒருவர் விற்க, வாங்கியவர் அதை வங்கியில் அடமானம் வைத்தார். பங்கு கேட்ட பெண் சிவில் வழக்குப் போட்டார். கிரயப் பத்திரமும் அடமானப் பத்திரமும் செல்லுமா என்பதைத் தீர்மானிப்பது சிவில் நீதிமன்றத்தின் வேலை, கடன் வசூல் தீர்ப்பாயத்துக்கு அந்த அதிகாரம் இல்லை என்று உச்சநீதிமன்றம் வங்கியின் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. கையெழுத்துப் போடாத உம்மாவுக்கு இது பெரிய கதவு.

இருந்தாலும் அந்த ஒரு தீர்ப்பை மட்டும் நம்பி 45 நாளைக் கோட்டைவிடக் கூடாது என்பதே எங்கள் கருத்து. உரிமை பற்றிய சிவில் வழக்கு ஒரு பக்கம் இருக்கட்டும், ஏல நடவடிக்கையை எதிர்க்கும் தீர்ப்பாய மனு மறுபக்கம் இருக்கட்டும். ஒன்றில் சொல்வதை மற்றதில் மறைக்காமல், இரண்டையும் அறிந்த ஒரே வக்கீலிடம் கொடுங்கள். ஏல விளம்பரம் வெளியான பிறகு பணத்தைக் கட்டிச் சொத்தை மீட்கும் உரிமையும் போய்விடுகிறது என்பது 2016 திருத்தத்துக்குப் பிறகான நிலை. தீர்ப்பாயத்தில் தோற்று மேல்முறையீடு போக வேண்டுமானால், கடன்தாரரும் சொத்தை ஈடு வைத்தவரும் கடன் தொகையில் பாதியை, குறைத்தாலும் கால் பங்கையாவது கட்ட வேண்டியிருக்கும். ஆகவே முதல் மனுவிலேயே எல்லா ஆவணங்களையும் வைத்துவிடுவது நல்லது.

திருக்கழுக்குன்றம் பக்கம் நெல் விளையும் நிலத்தையே அடமானம் வைத்திருந்தால் வேறொரு வாதமும் உண்டு. விவசாய நிலத்தின் மீது சர்பாசி சட்டம் பாயாது (31-ஆம் பிரிவு). ஆனால் கோவா கடற்கரையில் ஹோட்டல் நிறுவனம் ஒன்று இதே வாதத்தை வைத்தபோது, உண்மையில் அங்கே விவசாயம் நடக்கவில்லை என்று 2018-ல் உச்சநீதிமன்றம் மறுத்தது. ரிசார்ட் கட்டிவிட்டு 'நஞ்சை' என்று காட்டினால் எடுபடாது.

பவர் ஏஜென்ட்டுக்கு எதிரான வழக்கை நடத்த இன்னொரு பவர் கொடுத்துவிட்டு வெளிநாட்டிலேயே இருந்துகொள்ளலாம் என்று சிலர் நினைக்கிறார்கள். வழக்கை நடத்தலாம், ஆனால் கூண்டில் ஏறி "எனக்குத் தெரியாமல் நடந்தது" என்று சொல்ல வேண்டியவர் நீங்கள்தான். 2004 டிசம்பரில் ஜானகி வாஷ்தேவ் எதிர் இண்டஸ்இந்த் வங்கி வழக்கில், மனைவிகளுக்கு மட்டுமே தெரிந்த விஷயங்களுக்குப் பவர் பெற்ற கணவர் சாட்சி சொல்ல முடியாது என்று உச்சநீதிமன்றம் கூறிவிட்டது. வர முடியாதவர்கள் காணொலி வழியாகச் சாட்சியம் அளிக்க அனுமதி கேட்கலாம். உம்மா விஷயத்திலும் இதுதான். அவருக்குப் பதில் மருமகன் போய்ப் பேசிவிட முடியாது.

பதிவுத்துறையிலேயே மனுக் கொடுத்துப் பத்திரத்தை ரத்து செய்யலாம் என்று 2022-ல் கொண்டுவரப்பட்ட 77-ஏ பிரிவை 2024-ல் சென்னை உயர்நீதிமன்றம் செல்லாது என்று அறிவித்துவிட்டது. எனவே மாவட்டப் பதிவாளரிடம் மனுக் கொடுத்துவிட்டுக் காத்திருப்பதில் காலம் போவதுதான் மிச்சம். கையெழுத்து உண்மையிலேயே போலி என்றால் காவல்துறையில் புகார் தரலாம், தரவும் வேண்டும். ஆனால் குற்ற வழக்கு ஏலத்தை நிறுத்தாது.

இன்னும் பிரச்சினை வராத, ஆனால் பவர் வெளியே இருக்கிற குடும்பங்கள் ஒன்று செய்யலாம். ரத்துப் பத்திரத்தைப் பதிவு செய்வதோடு நிறுத்தாதீர்கள். ஒப்பந்தச் சட்டத்தின் 208-ஆம் பிரிவின்படி, ரத்து செய்த செய்தி மூன்றாம் நபருக்குத் தெரியும் வரை அவரைப் பொறுத்தவரை பவர் உயிரோடுதான் இருக்கிறது. ஏஜென்ட்டுக்கும், அவர் கணக்கு வைத்திருக்கும் வங்கிக்கும் பதிவுத் தபாலில் தெரிவித்து ஒப்புகை அட்டையைப் பத்திரப்படுத்துங்கள். நாளிதழில் பொது அறிவிப்புக் கொடுங்கள். தமிழ்நாடு பதிவுத்துறை இணையதளத்தில் வில்லங்கத்தை அவ்வப்போது பாருங்கள். 2011 முதல் இயங்கும் மத்திய அடமானப் பதிவகமான செர்சாயிலும் தேடலாம்.

வங்கிக் கடனே வட்டிதானே, அதில் போய் என்ன நியாயம் என்று சில வாசகர்கள் கேட்கக்கூடும். வட்டியின் சட்டத்தில் எங்களுக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் இங்கே ஏலத்துக்கு வருவது கடனே வாங்காதவரின் மீராஸ் பங்கு. கடனை எழுத்தில் வைப்பது பற்றியும் ஈடு பற்றியும் சூரா அல்பகராவின் 282, 283 வசனங்கள் பேசுகின்றன. அவற்றில் முதலாவது குர்ஆனிலேயே மிக நீளமான வசனம்.

ஜமாஅத் பஞ்சாயத்தில் பேசித் தீர்ப்பதில் தவறில்லை. அண்ணன் கடனைத் தன் பங்கிலிருந்து அடைத்துக்கொள்ள ஒப்புக்கொண்டால் அதுவே நல்ல முடிவு. ஆனால் ஜமாஅத்தின் ஒப்பந்தம் வங்கியைக் கட்டாது, பேச்சுவார்த்தை நடக்கும்போதும் 45 நாள் ஓடிக்கொண்டுதான் இருக்கும். வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லை என்று உம்மாமார்கள் ஒதுங்க வேண்டியதில்லை. 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12-ஆம் பிரிவின்படி, பெண்களுக்கு வருமான வரம்பு எதுவும் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் நேரில் மனுக் கொடுக்கலாம், அல்லது 15100 என்ற எண்ணில் அழைக்கலாம். போகும்போது கதவில் ஒட்டிய நோட்டீஸ், மரணச் சான்றிதழ், வாரிசுச் சான்றிதழ், தாய்ப்பத்திரத்தின் நகல், பவர் பத்திரத்தின் சான்றிட்ட நகல் ஆகியவற்றை எடுத்துச் செல்லுங்கள். நோட்டீஸ் கைக்கு வந்த தேதியை அதன் மேலேயே எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.